கடைசி எழுத்து ‘தெங்’

மார்ச் 9, 2004. செவ்வாய்

தாவ் ஷிமினின் கதையை என் மகள் வெய்லானுக்குப் பாடமாக வைத்துவிட்டார்கள். ஒன்பதாம் வகுப்பு மொழிப் புத்தகம், பதினாலாம் பாடம். ‘பை’ என்று தலைப்பு. அதன் கீழே தபால்தலை அளவுக்கு அவன் படம், கண்ணாடி போட்டுக்கொண்டு. என் கடைக்கு வந்துகொண்டிருந்த நாட்களில் அவனுக்குக் கண்ணாடி கிடையாது.

மகள் மீன் உருண்டை சூப்பைக் குடித்துக்கொண்டே சத்தமாகப் படித்தாள். நான் எதிரே உட்கார்ந்து குவாங்ஜோ சட்டைக் கம்பெனிக்கு அனுப்ப வேண்டிய பொத்தான்களை மாதிரி அட்டையில் தைத்துக்கொண்டிருந்தேன். ஓர் இடத்தில் நிறுத்தி என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

“அம்மா, இந்தக் கதையில வர்ற பொம்பளை உன்னை மாதிரியே பேசறா. ‘பொட்டலத்துல இல்லாததைச் சீட்டுல எழுதாதே.’ நீ கடையில கத்தறது இதைத்தானே?”

“பொத்தான் விக்கிற எல்லாரும் இதைத்தான் கத்துவாங்க. சூப் ஆறுது, குடி.”

ஊசி விரலில் ஏறிவிட்டது. அட்டையில் ரத்தம். அந்த அட்டையைத் தூக்கிப் போட்டுவிட்டுப் புதிதாக ஒன்று தைத்தேன்.

மார்ச் 10

மழை. குவாங்ஜோ சரக்கு போய்விட்டது. வேறொன்றும் எழுத வரவில்லை.

மார்ச் 12, வெள்ளி

எழுதிவிடுகிறேன். எழுதாமல் வைத்திருந்து என்ன லாபம் கண்டேன்?

1984-ல் எனக்கு இருபத்து நாலு வயது. பாலமுனைச் சந்தையில், பாலத்தின் அடியில், இரண்டு முக்காலி மேல் வீட்டுக் கதவைக் கழற்றிப் போட்டுப் பொத்தான் விற்றேன். மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றுபோனவள். எண் தெரியும். பொத்தான் வகை, நிறம், சில ஊர்ப் பெயர், அன்றாடம் கையில் படும் சாமான்களின் பெயர், இவ்வளவுதான் வாசிக்க வரும். வெளியூர்ப் பொட்டலத்துக்குள் வைக்கிற சீட்டை எழுத ஆள் தேவைப்பட்டது. மாவட்டக் கலாசார நிலையத்தில் வேலை பார்த்த ஷாங்ஹாய்க்காரன் ஒருவன் எழுதிக் கொடுத்தான். அதுதான் தாவ். படித்த பிள்ளைகளைக் கிராமத்துக்கு அனுப்பிய காலத்தில் வந்து சேர்ந்தவன். கூட வந்தவர்கள் ஊர் திரும்பியும் இவன் தங்கிவிட்டான். கூலி வேண்டாம் என்பான். காலையில் ஒரு கிண்ணம் ஒட்டரிசிச் சோறு வாங்கிக் கொடுத்தால் போதும்.

முதல் சீட்டிலேயே சண்டை. எழுதியதைப் படித்துக் காட்டச் சொன்னேன். “அழகிய பால்வெள்ளைப் பொத்தான், எட்டு குரோஸ்” என்றான். குரோஸ் என்றால் பன்னிரண்டு டஜன்.

“அழகியன்னா அது எத்தனை குரோஸ்?”

“அது... எண்ணிக்கை இல்லை.”

“எண்ண முடியாததை எழுதி வெச்சா வாங்கறவன் என்னைக் கேப்பான், உன்னையா கேப்பான்? பொட்டலத்துல இல்லாததைச் சீட்டுல எழுதாதே. சீட்டுல எழுதினது பொட்டலத்துல இருக்கணும். அவ்வளவுதான் படிப்பு.”

வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். பிறகு சட்டைப்பையிலிருந்து சின்ன நோட்டை எடுத்து நான் சொன்னதை எழுதிக்கொண்டான். கிண்டல் செய்கிறான் என்று நினைத்து அன்றைக்குச் சோறு வாங்கித் தரவில்லை.

இரண்டாவது சண்டை ‘தெங்’ என்ற எழுத்தால். ஷூஜோ வியாபாரிக்குப் போன சீட்டில் ஐந்து வகைப் பொத்தானை எழுதிவிட்டு, கடைசியில் வாக்கியம் மொட்டையாக நிற்கிறதே என்று ஒரு ‘தெங்’ போட்டான். பட்டியல் முடிவில் அது வந்தால் ‘முதலியன’. ஷூஜோக்காரன் விடுவானா? முதலியன என்றால் ஆறாவது வகை எங்கே என்று நின்றான். சிப்பிப் பொத்தான் மூன்று குரோஸ் சும்மா கொடுத்து வாயை அடைத்தேன்.

“இனிமே என் சீட்டுல இந்த எழுத்து வந்துச்சு, கையை ஒடிச்சிடுவேன்.”

“வராது முதலாளியம்மா. செத்தாலும் வராது.”

கதவுப் பலகைக்காரியை முதலாளியம்மா என்று கூப்பிட்ட முதல் ஆள் அவன். இன்று பட்டறையில் இருநூறு பேர் அப்படிக் கூப்பிடுகிறார்கள். யாருடைய வாயிலும் அது அவன் சொன்ன மாதிரி வரவில்லை.

மார்ச் 14, ஞாயிறு

கிளம்பின கதையையும் எழுதி முடித்துவிடலாம்.

1985 செப்டம்பர். ஷாங்ஹாயில் வேலை கிடைத்திருந்தது. கடைக்கு வந்தான். நான் ஒரு கூடைப் பொத்தானை நிறம் பிரித்துக்கொண்டிருந்தேன். அவனும் குந்தி உட்கார்ந்து பிரித்தான். நிறையத் தப்பாகப் பிரித்தான்.

“பதினாலாம் தேதி வென்ஜோவுலேர்ந்து கப்பல். துறைக்கு வா.”

“சந்தை நாளாச்சே.”

“வா. பெரிய பையா எடுத்துட்டு வா.”

இதுதான் அவன் சொன்னது. ஒரு சொல் கூட்டவில்லை, குறைக்கவில்லை.

புத்தகம் நிறைய வைத்திருந்தான். அதற்குத்தான் பை கேட்கிறான் என்று நினைத்தேன். பதினாலாம் தேதி காலையில் ஷூஜோக்காரன் வந்து நாற்பது குரோஸ் கேட்டு உட்கார்ந்துவிட்டான். விட்டுவிட்டுப் போக முடியுமா? இருந்ததில் பெரியதாக, புதிதாக ஒரு சாக்குப் பையை எடுத்துக் கைவண்டிக்காரனிடம் கொடுத்தனுப்பினேன். கொடுத்துவிட்டானா என்று மட்டும் சாயங்காலம் கேட்டேன். கொடுத்துவிட்டேன் என்றான்.

மார்ச் 19, வெள்ளி

மகள் தூங்கப் போவதற்குள் புத்தகத்தைத் தரச் சொல்லி வாங்கிப் படித்தேன். “நீயா, பாடமா?” என்று அவளுக்கு ஒரே சிரிப்பு.

கதையில் எதுவும் நடப்பதில்லை. ஒருத்தன் கப்பலில் ஏறித் தன் பையைத் திறக்கிறான். உள்ளே இருப்பதை ஒவ்வொன்றாகச் சொல்கிறான். எனாமல் குவளை ஒன்று, விளிம்பு பெயர்ந்தது. பாதி சோப்பு. பொத்தான் அட்டை ஒன்று, பன்னிரண்டு வகை. ஒவ்வொரு சாமானும் எப்படி வந்தது என்பதில் அந்தப் பெண் வருகிறாள், திட்டுகிறாள், போய்விடுகிறாள். முகம், உடம்பு பற்றி ஒரு வரி கிடையாது. அழுகை கிடையாது. ‘புதிய சாக்குப் பை ஒன்று, காலி’ என்று வருகிறது. அடுத்து ‘தெங்’. முற்றுப்புள்ளி. கதை முடிந்தது.

முதல் முறை இதைப் படித்தது 1986 ஜனவரியில், தபால் நிலையத்துப் பத்திரிகைத் தட்டு முன்னால் நின்று. கலாசார நிலையத்துக் காவலாளி சொல்லித்தான் தெரிந்தது. பத்திரிகை என்றாலே பயப்படுகிறவள் நான். முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை தடுக்காமல் போனேன். தெரியாத எழுத்து மூன்றே மூன்று.

கடைசியில் ‘தெங்’ வந்ததும் அந்த வரியைத் திரும்பவும் படித்தேன். பட்டியலின் வால் இல்லையென்றால், தனியாக நின்றால், அதற்குக் ‘காத்திரு’ என்று அர்த்தம். எழுத்து ஒன்று, பொருள் இரண்டு. செத்தாலும் பட்டியலில் போடமாட்டேன் என்றவன் போட்டிருக்கிறான் என்றால், அது முதலியன அல்ல. எனக்கு மட்டும் தெரிகிற மாதிரி, நாடு முழுக்க விற்கிற பத்திரிகையில் எழுதிவிட்டான். காத்திரு.

காத்திருந்தேன். 86, 87, 88. நானாக ஒரு கடிதம் போடவில்லை. காத்திரு என்றால் காத்திருப்பதுதானே? வரன் கேட்டு வந்தவர்களையெல்லாம் அம்மா பலகைக்கு முன்னால் கொண்டுவந்து நிறுத்துவாள். நான் பொத்தான் எண்ணிக்கொண்டிருப்பேன். 88 குளிர்காலத்தில் அவனுக்குக் கல்யாணம் ஆனது என்று காவலாளி வந்து சொன்னார். அடுத்த மாதமே செருப்புப் பட்டறைக்காரரைக் கட்டிக்கொண்டேன். நல்ல மனுஷர், ஏழு வருஷம் தாங்கினார், பிறகு வீட்டை விட்டுப் போய்விட்டார்.

தாவ் 93-ல் ஈரல் கெட்டுச் செத்துப்போனான். எழுதியது மொத்தம் பதினோரு கதை.

மார்ச் 26, வெள்ளி

வெய்லானுக்கு நாலுக்குப் பூஜ்யம். என்னால்.

கேள்வி: ‘கடைசி எழுத்தான தெங் என்பதன் நயத்தை விளக்குக.’ முந்தின நாள் என்னைக் கேட்டாள். “காத்திருன்னு அர்த்தம், எழுது” என்றேன். எழுதிவிட்டாள். வாத்தியார் சூ போன் செய்தார், சின்ன வயசு, நல்ல சுறுசுறுப்பு.

“வெய்லான் அம்மா, விடைக்குறிப்புல தெளிவாப் போட்டிருக்கு. அது ‘முதலியன’. வாழ்க்கைக்கு முடிவில்லைன்னு காட்டுது, வாசகர் கற்பனைக்கு இடம் விடுது. ரெண்டு குறிப்பு, ரெண்டு ரெண்டு மார்க்.”

“அந்தப் பட்டியலைப் போட்டவன் முதலியனன்னு எழுதமாட்டான் சார்.”

“அது உங்களுக்கு எப்படித் தெரியும்?”

“நானும் சீட்டு போடறவதான்.”

“அம்மா, இது சீட்டு இல்லை. இலக்கியம்.”

அப்புறம் காலிச் சாக்கு பற்றியும் சொன்னார். அது ‘ஒரு தலைமுறையின் வெறுமை’யாம். மூன்று மார்க். அது ஷூஜோ சாக்கு சார், பின்னல் நெருக்கமாக இருக்கும், எண்பது கிலோ தாங்கும் என்று சொல்ல வாய் வரை வந்தது.

வெய்லான் தன் அறைக்குள் போனாள். கதவைச் சாத்திக்கொண்டாள்.

அவர் சொன்னதுதான் உண்மையோ? மூன்று வருஷம் நான் ஒரு ‘முதலியன’வைக் கட்டிக்கொண்டா உட்கார்ந்திருந்தேன்?

ஏப்ரல் 2, வெள்ளி

ஊராட்சிச் செயலாளர் நன்கொடை கேட்டு வந்தார். கதை பாடமாக வந்துவிட்டதால் பாலத்தருகே ‘பொத்தான் பெண்’ சிலை வைக்கிறார்களாம். வரைபடம் காட்டினார். இரட்டைச் சடை, ஒடிகிற இடுப்பு, கண் கடலைப் பார்க்கிறது.

“இவ இவ்வளவு ஒல்லியா இருந்தா பலகையை யாரு தூக்கினது?”

“யே முதலாளி,” என்று என் குடும்பப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். “கலைன்னா அப்படித்தான். அந்தப் பெண் நிஜத்துல இல்லவே இல்லைன்னு பேராசிரியரே எழுதியிருக்கார்.”

கொடுத்தேன். இல்லவே இல்லாதவளுக்கு வெண்கலத்தில் சடை.

ஏப்ரல் 4

சிங்மிங், முன்னோருக்கான நாள். அப்பா கல்லறையைச் சுத்தம் செய்தோம். தாவின் கல்லறை ஷாங்ஹாயில் எங்கே என்றுகூட எனக்குத் தெரியாது. யாராவது புல்லைப் பிடுங்கியிருப்பார்கள்.

ஏப்ரல் 11, ஞாயிறு

வென்ஜோவில் பெரிய புத்தகக் கடைக்குப் போனேன். தாவ் எழுதிய ஒரே தொகுப்பு, பதிமூன்றாம் பதிப்பு. அதைச் சுற்றி ஓர் அலமாரி நிறைய வேறு யார் யாரோ.

கடைக்காரர் சொன்னார்: “அக்கா, இவங்க எல்லாம் அவர் வழியில வந்தவங்க. ஒருத்தன் மருந்துப் பட்டியல்ல கதை எழுதறான், ஒருத்தி கல்யாணச் சீர்ல எழுதறா. பட்டியல் போட வேண்டியது, கடைசியில ஒரு எழுத்தைப் போட்டுட்டு ஓடிட வேண்டியது. நம்மளை நிக்க வெச்சுட்டு.”

நான்கைந்தைப் புரட்டினேன். ஒரு பெண் எழுதியது நன்றாகவே இருந்தது. கடைசி வரி அவளும் அப்படித்தான் பாதியில் விட்டிருந்தாள். இருபத்தைந்து வயதிருக்கும். ஒரு வருஷம்கூடக் காத்திருந்திருக்க மாட்டாள், எப்படி எழுதினாள்? ஆனால் வலித்தது. என் ஷூஜோக்காரன் போட்ட சண்டை எங்கெல்லாமோ போய் முளைத்திருக்கிறது.

தாவின் தொகுப்பில் முன்னுரை எழுதியிருப்பவர் லுவோ ஹூயிஃபென். ‘பை’யை முதலில் பத்திரிகையில் போட்ட ஆசிரியர். கைப்பிரதி இன்னும் தன்னிடம் பத்திரமாக இருப்பதாக ஒரு வரி.

கைப்பிரதி! எங்கள் எழுத்துத்தாளில் கட்டம் கட்டமாக எழுத வேண்டும். புதிய பத்தி என்றால் இரண்டு கட்டம் விட்டுத் தொடங்க வேண்டும். பட்டியலின் வாலாக வந்தால் ஒட்டியே எழுதியிருப்பான். காத்திரு என்று சொல்லியிருந்தால் இரண்டு கட்டம் விட்டிருப்பான். பத்திரிகையில் இடமில்லாமல் அந்த எழுத்தைப் பக்கத்தின் கீழ் மூலையில் நெருக்கி வைத்திருந்ததால் சொல்ல முடியவில்லை.

இரண்டு வெற்றுக் கட்டம். எனக்கு வேண்டியது அவ்வளவுதான்.

ஏப்ரல் 13

பத்திரிகை அலுவலகத்தில் கேட்டு லுவோவின் எண்ணை வாங்கிவிட்டேன். பொத்தான் வியாபாரி, கதை பிடிக்கும், பார்க்க வேண்டும் என்றேன். “சனிக்கிழமை வா, மாடிப்படி செங்குத்து, செருப்பு பார்த்துப் போட்டுட்டு வா” என்றார் கிழவி.

ஏப்ரல் 17, சனி. ஷாங்ஹாய், ரயில் நிலைய விடுதி

நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன்.

நாலாம் மாடி. லுவோவுக்கு எழுபத்தாறு வயது. சாம்பல் நிறக் கம்பளிச் சட்டை, ஏழு பொத்தானில் மூன்று வேறு வேறு ஜாதி, ஒன்று இல்லவே இல்லை. கண்ணாடித் தம்ளரில் தேநீர் கொடுத்தார். என் கண் அந்தப் பொத்தான் இல்லாத இடத்திலேயே நின்றது. அதைப் பார்த்துக்கொண்டே இருந்தவர் சொன்னார்:

“சின்ன யே, வந்து உக்காந்ததும் என் மூஞ்சியைப் பார்க்காம சட்டையைப் பார்க்கறே. நீதானா அது?”

“எது டீச்சர்?”

“‘அழகியன்னா எத்தனை குரோஸ்’னு கேட்டவ.”

தேநீர்த் தம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன். அதுவே பதிலாகிவிட்டது.

“அவன்கிட்ட ஒரு தடவை கேட்டேன். ஏன்டா, பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி இவ்வளவு சுலபமான எழுத்தாப் பொறுக்கி எழுதியிருக்கே, புதுப் பாணியான்னு. ‘பாணியெல்லாம் இல்லை, படிக்க வேண்டியவளுக்கு அவ்வளவுதான் தெரியும்’னான். இப்ப அதைப் பத்தி ஆராய்ச்சிப் புத்தகமே ரெண்டு வந்திருக்கு. எளிமையின் புரட்சியாம்.”

தெரியாத எழுத்து மூன்றே மூன்று. அப்போதே எனக்கு உறைக்கவில்லை.

கைப்பிரதியைக் கொண்டுவந்தார். இருபத்திரண்டு பக்கம். நான் நேராகக் கடைசிப் பக்கத்தைக் கேட்டேன். தரவில்லை. கையை அதன் மேல் வைத்துக்கொண்டார்.

“எதுக்கு?”

“தெங்குக்கு முன்னாடி ரெண்டு கட்டம் விட்டிருக்கானான்னு பார்க்கணும்.”

கிழவியின் முகம் போன போக்கைப் பார்த்து, எனக்குக் கெட்ட செய்தி என்று புரிந்துவிட்டது. வியாபாரத்தில் அந்த முகம் எனக்குப் பழக்கம். சரக்கு வரவில்லை என்று சொல்ல வருகிற முகம்.

“அதுல தெங்கே இல்லை, சின்ன யே. அதை நான் போட்டேன்.”

அச்சுக்கூடத்தில் நின்றுகொண்டே போட்டாராம். ஈய எழுத்துக் காலம். பக்கம் முடிந்துவிட்டது, ஏழு வரி மிச்சம். அடுத்த பக்கத்தில் மின்விசிறி விளம்பரம், அதற்குப் பணம் வாங்கியாகிவிட்டது. இயந்திரக்காரன் கையைத் துடைத்துக்கொண்டு நிற்கிறான். ஏழு வரியை எடுத்துவிட்டு ஒரு ‘தெங்’ வைத்தார்.

“என்ன அர்த்தத்துல வெச்சீங்க?”

“முதலியனதான். வேற என்ன அர்த்தம்?”

சிரித்தேன் என்று நினைக்கிறேன். தம்ளரைக் கீழே வைத்த சத்தம் மட்டும் ஞாபகம் இருக்கிறது.

“அவன் ஒண்ணும் கேக்கலையா?”

“பத்திரிகை வந்த அன்னிக்கு வந்தான். அரை மணி நேரம் உக்காந்தான். வெந்நீர் குடிச்சான். ‘பரவாயில்லை டீச்சர், இதுவும் நல்லாத்தான் இருக்கு’ன்னான். அப்புறம் ஊரே அந்த ஓரெழுத்தைத் தூக்கி வெச்சு ஆடிச்சு. விருது கொடுத்தாங்க. நான் எப்படி வாயைத் திறப்பேன்? அவன் எப்படித் திறப்பான்?”

கையை எடுத்தார். ஏழு வரி, அவன் கையெழுத்தில். என் சீட்டுகளில் எழுதுவது மாதிரியே, ஒரு வரிக்கு ஒரு சாமான்.

அவித்த முட்டை, நான்கு.
பேரிக்காய், இரண்டு. வெட்டுவதற்கு இல்லை.
பெண்கள் துணிச்செருப்பு ஒரு ஜோடி, அளவு முப்பத்தாறு.
ஷாங்ஹாயில் அறை வாடகை ரசீது ஒன்று.
படுக்கை எண், முப்பத்தொன்று.
படுக்கை எண், முப்பத்திரண்டு.
கப்பல் சீட்டு இரண்டு: ஒன்றில் துளை உண்டு, ஒன்றில் இல்லை.

ஏப்ரல் 18, ஞாயிறு. ரயிலில்

பெரிய பையா எடுத்துட்டு வா. என் துணிமணியை எடுத்து வைக்க. மடச்சி.

கடிதம் போட்டிருக்கலாமேடா! எட்டு ஃபென் தபால்தலை. ‘யே யாச்சின், உனக்கும் சேர்த்துத்தான் சீட்டு வாங்கினேன்’ — எனக்குத் தெரிஞ்ச எழுத்துலயே எழுதியிருக்கலாமே. பத்திரிகையில போடறானாம் பத்திரிகையில. பேரிக்காயை ஒண்ணு வாங்கிப் பங்கு போட்டா பிரிஞ்சிடுவோம்னு பார்த்துப் பார்த்து ரெண்டு வாங்கத் தெரிஞ்சவனுக்கு, வாயைத் திறந்து சொல்லத் தெரியலையே.

நானும்தான் கேட்கவில்லை. எதுக்குப் பைன்னு ஒரு வார்த்தை. வாங்க வர்றவனை நூறு கேள்வி கேக்கறவ.

இதெல்லாம் கதைதானே, கற்பனையாக இருக்கலாமே என்று ஜின்ஹுவா வரைக்கும் எனக்கு நானே சொல்லிப் பார்த்தேன். எடுபடவில்லை. பொட்டலத்தில் இல்லாததை அவன் சீட்டில் எழுதமாட்டான். அதை அவனுக்குச் சொல்லிக் கொடுத்ததே நான்தான். இரண்டு கப்பல் சீட்டும் இருந்தன, துளை விழாதது எனக்கானது. நாலு முட்டையையும் அவனே தின்றிருப்பான்.

என் கால் அளவு முப்பத்தாறுதான்.

ஏப்ரல் 19

பட்டறையில் அச்சு வார்ப்பவன் ஒரு கூடைப் பொத்தானைக் காட்டி, “முதலாளியம்மா, இதுல துளை விழலை, கழிச்சிடட்டுமா?” என்றான். வீட்டுக்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன்.

மே 1, சனி

லுவோ போன் செய்தார். ஷாங்ஹாயில் இலக்கிய மண்டபம் திறக்கிறார்களாம், கைப்பிரதியைக் கேட்டிருக்கிறார்கள். புதிய பதிப்பும் வருகிறது. அதில் அந்த ஏழு வரியையும் சேர்த்து, நடந்ததை ஒப்புக்கொண்டு ஒரு குறிப்பு எழுதப் போகிறாராம்.

“வேண்டாம் டீச்சர்.”

“என்ன வேண்டாம்? பதினெட்டு வருஷமா என் நெஞ்சுல கிடக்குது. சரி பண்ணாம சாகச் சொல்றியா?”

“கடைசிப் பக்கத்தை எனக்குக் கொடுங்க.”

“உளறாதே. ஒரு பக்கம் குறைஞ்சா அது கைப்பிரதியே இல்லை.”

“உங்க சட்டையில பொத்தான் குறையுதே, அது சட்டை இல்லையா?”

போனை வைத்துவிட்டார். நல்லது. உடனே சரி என்கிறவர்களிடம் பேரம் நிலைப்பதில்லை.

மே 9, ஞாயிறு

ஏன் வேண்டாம் என்றேன்? என்னையே கேட்டுக்கொள்கிறேன்.

வெய்லான் வகுப்பில் பட்டியல் கதை எழுதச் சொன்னார்களாம். அவள் எழுதியதைத் தானாகக் கொண்டுவந்து காட்டினாள், பூஜ்யத்துக்குப் பிறகு முதல் முறையாக. அவளுடைய அப்பா வீட்டை விட்டுப் போன அன்று அலமாரியில் விட்டுப்போன சாமான்கள். ஷூ மெழுகு, ஒற்றைக் கையுறை, பாதி சிகரெட் பெட்டி. கடைசியில் ‘தெங்’.

“இது முதலியனவா, காத்திருவா?” என்று கேட்டேன்.

“ரெண்டும்தாம்மா. அதனாலதானே நல்லா இருக்கு.”

அவளுக்கு அப்போது ஆறு வயது. ஞாபகம் இல்லை என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த எழுத்தை வைத்தது யாராக இருந்தால் என்ன, இத்தனை பிள்ளைகள் அதைப் பிடித்துக்கொண்டு எழுந்து நிற்கிறார்கள். அதை உருவ எனக்கு மனசில்லை. ஆனால் இது பாதிக் காரணம்தான். மீதியை நேரில் சொல்ல வேண்டும்.

மே 22, சனி. ஷாங்ஹாய்

சிப்பிப் பொத்தான் ஏழு எடுத்துக்கொண்டு போனேன். பழைய சரக்கு, 85-ல் வாங்கியது, விற்காமல் வைத்திருந்தது. ஊசி நூலும்.

“சட்டையைக் கழட்டுங்க டீச்சர்.”

“லஞ்சமா?”

“இன்னும் விலை பேசலை.”

கழற்றிக் கொடுத்தார். தைத்துக்கொண்டே பேசினேன். கையில் வேலை இருந்தால் எனக்குப் பேச்சு நேராக வரும்.

“அந்தப் பக்கம் எனக்கு வந்த கடிதம். பதினெட்டு வருஷம் வழியிலயே நின்னுட்டு இப்பதான் வந்து சேர்ந்திருக்கு. வந்த அன்னிக்கே ஊரைக் கூட்டிப் பிரிச்சுக் காட்டணுமா? என் கால் அளவுக்கு மூணு மார்க் போடுவாங்க டீச்சர்.”

எழுந்து போய் ஜன்னலைத் திறந்தார். எதிர் வீட்டு மூங்கில் கழியில் துணி காய்ந்துகொண்டிருந்தது.

“அப்ப என் நெஞ்சுல இருக்கறது?”

“எழுதுங்க. உறையில போட்டு ஒட்டிக் கொடுங்க. பக்கத்தோட சேர்த்து வெக்கறேன். எனக்கு அப்புறம் திறக்கட்டும்.”

“நீ எனக்கு முப்பது வயசு சின்னவடீ! நீ எப்பச் சாகறது, நான் எப்பப் பாவம் தீர்றது?”

“அவசரப்பட்டு ஏழு வரியை வெட்டினீங்களே. இதுக்காவது கொஞ்சம் காத்திருங்க.”

சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று உறைத்தது. அவருக்கும். இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்தோம். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார், நான் நூலைப் பல்லால் கடித்து அறுத்தேன்.

மே 23, ஞாயிறு

வீடு வந்து சேர்ந்தேன். வெய்லான் மீன் உருண்டை வாங்கி வைத்திருந்தாள். பரீட்சையில் அந்தக் கேள்வி வந்தால் என்ன எழுதட்டும் என்று கேட்டாள். விடைக்குறிப்பில் உள்ளதையே எழுது, நாலு மார்க்கை விடாதே என்றேன்.

பேசி முடித்தது இது. முதல் இருபத்தொரு பக்கம் மண்டபத்துக்கு. கடைசிப் பக்கம் என் ஆயுள் வரை என்னிடம், பிறகு லுவோவின் உறையோடு மண்டபத்துக்கு. அதுவரை இருவரும் வாய் திறப்பதில்லை. அச்சில் தெங் இருந்த இடத்திலேயே இருக்கும். விலை, சிப்பிப் பொத்தான் ஏழு, வரிக்கு ஒன்று, தையல் கூலி இல்லை.